கனடாவை இரண்டு முறை பிளந்த கட்டாய ராணுவ சேவை: போர்டன் எங்கே தவறினார், கிங் எப்படித் தப்பினார்?

போர்க்காலத் தலைமை பற்றியும் கட்டாய ராணுவ சேவை பற்றியும் விவாதம் எழும்போதெல்லாம் கனடா உதாரணமாகக் காட்டப்படுகிறது. ஆனால் அந்த வரலாறு பெரும்பாலும் குழப்பமாகவே சொல்லப்படுகிறது. வழக்கமாக நேரும் பிழைகள் மூன்று.

1. 1917ஆம் ஆண்டு நெருக்கடியையும் 1944ஆம் ஆண்டு நெருக்கடியையும் ஒரே கதையாகச் சொல்லிவிடுகிறார்கள். முதலாவதில் பிரதமர் கன்சர்வேடிவ் கட்சியின் ராபர்ட் போர்டன், இரண்டாவதில் லிபரல் கட்சியின் மெக்கன்சி கிங். சட்டமும் வேறு.
2. 1942இல் கனடா மக்கள் கட்டாய சேவைக்கு ஆதரவாக வாக்களித்தார்கள் என்று எழுதுகிறார்கள். அன்றைய வாக்குச்சீட்டில் அப்படியொரு கேள்வியே இல்லை.
3. கட்டாய சேவையை எதிர்த்தது பிரெஞ்சு பேசும் கியூபெக் மாகாணம் மட்டும்தான் என்கிறார்கள். 1917-18இல் ஒன்டாரியோ விவசாயிகளும் அதே அளவு கொதித்தார்கள்.

இந்தப் பிழைகளைக் களைந்துவிட்டுப் பார்த்தால், நாட்டைப் பிளந்தது எது என்பது வேறு விதமாகத் தெரிகிறது. இரண்டு முறையும் போர்முனையில் ஆள் பற்றாக்குறை நிஜம். ஆனால் அந்த ஆட்களை எடுக்க மக்களின் ஒப்புதலைப் பெற்ற விதத்தில்தான் காயம் விழுந்தது.

முதலில் சில சொற்கள்

கட்டாய ராணுவ சேவை என்பது, குறிப்பிட்ட வயதுக்குள் இருப்பவரைச் சட்டத்தின் பேரில் படையில் சேர்ப்பது. இதில் இரண்டு வகை உண்டு. ஒன்று, சொந்த மண்ணைக் காக்க மட்டும் எடுப்பது. இன்னொன்று, கடல் கடந்து போய்ச் சண்டையிட எடுப்பது. நாட்டின் எல்லைக்குள் பாதுகாப்புக்கு ஆள் எடுக்கும் அதிகாரம் முதல் உலகப் போருக்கு முன்பே கனடாவின் மிலிஷியா (உள்நாட்டுக் காப்புப் படை) சட்டத்தில் இருந்தது. சண்டை முழுவதும் இரண்டாவது வகையைப் பற்றியதுதான். இந்த வேறுபாட்டை மறந்துவிட்டால் 1940க்குப் பிறகு நடந்த எதுவும் புரியாது.

இழப்பு என்று ராணுவக் கணக்கில் சொல்லும்போது இறந்தவர்கள் மட்டுமல்ல, காயம்பட்டவர்கள், காணாமல் போனவர்கள், பிடிபட்டவர்கள் எல்லோரும் அதில் அடக்கம். நிரப்பு வீரர்கள் என்போர், அப்படிக் காலியான இடங்களுக்குப் பின்னாலிருந்து அனுப்பப்படுகிறவர்கள். புதிய படைப்பிரிவு அமைப்பதற்கு அல்ல, இருக்கும் படை கரையாமல் காக்கவே இவர்கள் தேவை.

ஒரு பட்டாலியனின் கணக்கு

ஒரு காலாட்படை பட்டாலியன் என்பது சுமார் ஆயிரம் பேர். ஒரே தாக்குதலில் அதில் முந்நூறு, நானூறு பேர் விழுந்துவிடலாம். மீதி இருப்பவர்களை அப்படியே மறுபடி களத்தில் இறக்கினால், அதே நீளப் பதுங்கு குழியை அறுநூறு, எழுநூறு பேர் காக்க வேண்டும். காவல் முறை கூடுகிறது, தூக்கம் குறைகிறது, காயம் ஆறாதவர்கள் திரும்ப அழைக்கப்படுகிறார்கள். அடுத்த தாக்குதலில் இழப்பு இன்னும் கூடுகிறது.

1917 ஏப்ரல் 9 முதல் 12 வரை பிரான்ஸின் விமி முகட்டில் நடந்த சண்டையில் கனடாவின் இழப்பு 10,602. அதில் இறந்தவர்கள் 3,598. வெற்றி பெற்ற சண்டையிலேயே, நான்கே நாளில், இவ்வளவு. அந்த மாதம் கனடா முழுவதும் தானாக முன்வந்து படையில் சேர்ந்தவர்கள் இதில் பாதிகூட இல்லை.

இதோடு கால இடைவெளியையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். ஒருவரைப் பதிவு செய்து, மருத்துவப் பரிசோதனை முடித்து, பயிற்சி கொடுத்து, அட்லாண்டிக்கைக் கடந்து இங்கிலாந்துக்கு அனுப்பி, அங்கே மறுபடி பயிற்சி கொடுத்துப் பிரான்ஸுக்கு அனுப்புவதற்குள் பல மாதங்கள் ஓடிவிடும். போர்டன் கட்டாய சேவையை அறிவித்தது 1917 மே 18. சட்டம் நிறைவேறியது ஆகஸ்ட் 29. முதல் ஆட்கள் முகாமுக்கு வந்தது 1918 ஜனவரியில். அவர்கள் போர்முனையை எட்டுவதற்குள் வசந்த காலம் வந்துவிட்டது. ஆகவே இன்றைய பற்றாக்குறைக்கு இன்று முடிவெடுக்கும் தலைவர், உண்மையில் அடுத்த ஆண்டின் போரைப் பற்றித்தான் முடிவெடுக்கிறார். இதை மக்களுக்கு விளக்குவது எந்தத் தலைவருக்கும் எளிதல்ல.

தன்னார்வம் ஏன் வற்றியது

1914இல் கனடாவின் மக்கள்தொகை 80 லட்சத்துக்குள்தான். 1916 புத்தாண்டில் பிரதமர் ராபர்ட் போர்டன் 5 லட்சம் வீரர்களைத் தருவதாக அறிவித்தார். அதே ஆண்கள்தான் வெடிமருந்துத் தொழிற்சாலைக்கும் கோதுமை வயலுக்கும் தேவைப்பட்டார்கள்.

போரின் தொடக்கத்தில் அலையலையாகச் சேர்ந்தவர்கள் யார் என்பதும் முக்கியம். முதல் அணியில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கினர் பிரிட்டனில் பிறந்து கனடாவில் குடியேறியவர்கள். தாய்நாட்டுக்காக ஓடியவர்கள் அவர்கள். கனடாவிலேயே பிறந்தவர்கள், ஆங்கிலம் பேசினாலும் பிரெஞ்சு பேசினாலும், அந்த வேகத்தில் சேரவில்லை. பிரெஞ்சு மொழியினரிடம் தயக்கம் கூடுதலாக இருந்ததற்குக் காரணங்கள் தெளிவானவை. ஒன்டாரியோ மாகாணம் 1912இல் கொண்டுவந்த 17ஆம் விதி பள்ளிகளில் பிரெஞ்சு வழிக் கல்வியை முதல் இரண்டு வகுப்புகளோடு பெரும்பாலும் நிறுத்திவிட்டது. 'எங்கள் மொழியை இங்கே நசுக்கிக்கொண்டு, ஐரோப்பாவில் நீதிக்காகச் சண்டையிடக் கூப்பிடுகிறீர்களா' என்பது கியூபெக்கில் வீட்டுக்கு வீடு கேட்கப்பட்ட கேள்வி. லெ தெவ்வார் இதழை நடத்திய ஆன்ரி பூராசா இதைத்தான் இடைவிடாமல் எழுதினார். படைக்குள் கட்டளை மொழியும் ஆங்கிலம். பிரெஞ்சு பேசும் காலாட்படைப் பிரிவாகப் போர்முனையில் நின்றது 22ஆவது பட்டாலியன் ஒன்றுதான். கூர்செலெத்தில் 1916 செப்டம்பரில் அது போரிட்ட விதத்தைப் பார்த்தவர்கள் கியூபெக்காரர்களின் துணிச்சலைக் கேள்வி கேட்கவில்லை.

1917: சட்டம் வந்த வழி

போர்டன் 1917 வசந்தத்தில் லண்டனில் இருந்தார், மருத்துவமனைகளில் படுத்திருந்த வீரர்களைப் பார்த்தார். களத்தில் நிற்பவர்களைக் கைவிடக் கூடாது என்ற அவருடைய உணர்வு நேர்மையானது. திரும்பி வந்ததும் எதிர்க்கட்சித் தலைவர் வில்ஃப்ரிட் லோரியேவைக் கூட்டணி அரசுக்கு அழைத்தார். லோரியே மறுத்தார். தான் சேர்ந்தால் கியூபெக் முழுவதையும் பூராசாவிடம் ஒப்படைத்ததாகிவிடும் என்பது அவர் கணிப்பு. அதற்குப் பதிலாக மக்களிடம் வாக்கெடுப்பு நடத்துங்கள் என்று நாடாளுமன்றத்தில் திருத்தம் கொண்டுவந்தார். அது தோற்றது.

ராணுவ சேவைச் சட்டத்தின்படி 20 முதல் 45 வயது வரையிலான ஆண்கள் ஆறு வகுப்புகளாகப் பிரிக்கப்பட்டார்கள். முதல் வகுப்பில் 20 முதல் 34 வயது வரை உள்ள திருமணமாகாதவர்களும் மனைவியை இழந்த, குழந்தையில்லாதவர்களும். நடைமுறையில் அழைக்கப்பட்டது இந்த வகுப்புதான்.

சட்டம் மட்டும் போதாது, தேர்தலிலும் வெல்ல வேண்டும். தவறு நடந்தது இங்கேதான் என்பேன். போர்டனின் அமைச்சர் ஆர்தர் மீயெனின் கைவண்ணத்தில் இரண்டு தேர்தல் சட்டங்கள் வந்தன.

1. ராணுவ வாக்காளர் சட்டம்: கடல் கடந்து நிற்கும் வீரர்களும் செவிலியர்களும் வாக்களிக்கலாம். வேட்பாளர் பெயரை அறியாதவர் 'அரசு' அல்லது 'எதிர்க்கட்சி' என்று குறித்தாலே போதும். தான் வாழ்ந்த தொகுதியைச் சொல்ல முடியாதவரின் வாக்கை வேறொரு தொகுதியில் சேர்க்கவும் வழி இருந்தது.
2. போர்க்காலத் தேர்தல் சட்டம்: போர்முனையில் இருக்கும் வீரர்களின் மனைவி, தாய், சகோதரி, மகள் ஆகியோருக்கு வாக்குரிமை. மற்றப் பெண்களுக்கு இல்லை. எதிரி நாடுகளிலிருந்து வந்து 1902 மார்ச் 31க்குப் பிறகு குடியுரிமை பெற்றவர்களின் வாக்கு பறிக்கப்பட்டது. மெனனைட், டூகபோர் போன்ற போர் மறுப்புச் சமயத்தாரின் வாக்கும் போயிற்று.

கட்டாய சேவையை ஆதரிக்கக்கூடியவர்களுக்கு வாக்கு, எதிர்க்கக்கூடியவர்களுக்கு இல்லை என்பதே இதன் பொருள். அக்டோபரில் ஆங்கில லிபரல்கள் பலர் போர்டனோடு சேர்ந்து யூனியன் என்ற கூட்டணி அரசு அமைந்தது. டிசம்பர் 17 தேர்தலில் யூனியனுக்கு 153 இடங்கள், லோரியேவுக்கு 82. அந்த 82இல் 62 கியூபெக்கிலிருந்து வந்தவை. கியூபெக்கில் யூனியன் பிடித்த மூன்று இடங்களும் ஆங்கிலம் பேசுவோர் செறிந்த பகுதிகள். மொழி எல்லையும் அரசியல் எல்லையும் ஒன்றாகிவிட்டன.

விலக்குத் தீர்ப்பாயம் எப்படி இயங்கியது

சட்டத்தை மக்கள் நேரில் சந்தித்த இடம் உள்ளூர்த் தீர்ப்பாயம். இரண்டு பேர் உட்கார்ந்திருப்பார்கள். ஒருவரை மாவட்ட நீதிபதி நியமித்திருப்பார், மற்றவரை நாடாளுமன்றம் அமைத்த தேர்வுக் குழு. எதிரே நிற்பவர் பெரும்பாலும் அவர்களுக்குத் தெரிந்தவரின் மகன். விலக்குக் கேட்கச் சட்டம் அனுமதித்த காரணங்கள் இவை: நாட்டுக்கு இன்றியமையாத வேலை, படிப்பு அல்லது தொழிற்பயிற்சி, குடும்பத்துக்கு நேரும் கடும் கஷ்டம், உடல்நலக் குறைவு, சமய நம்பிக்கை. மறுக்கப்பட்டால் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம். அதற்கும் மேலே தலைநகர் ஆட்டவாவில் உச்ச நீதிமன்ற நீதிபதி லைமன் டஃப்.

கோளாறு உடனே தெரிந்தது. முதல் வகுப்பில் பதிந்த சுமார் 4 லட்சம் பேரில் பத்துக்கு ஒன்பது பேருக்கு மேல் விலக்குக் கேட்டார்கள். கியூபெக்கில் மட்டுமல்ல, ஒன்டாரியோவிலும் அதே நிலைதான். ஒரே மாதிரியான வழக்குக்கு ஓர் ஊரில் விலக்கு, பக்கத்து ஊரில் மறுப்பு. கியூபெக்கின் தீர்ப்பாயங்கள் தங்கள் ஆட்களைத் தாராளமாக விட்டுவிடுகின்றன என்று ஆங்கிலப் பத்திரிகைகள் கொதித்தன. ஒவ்வொரு விலக்கும் இன்னொரு குடும்பத்தின் கண்ணில் அநீதியாகத் தெரிந்தது.

விவசாயிகளின் கோபம் தனி. தேர்தலுக்கு இரண்டு வாரம் முன்பு, விவசாயிகளின் பிள்ளைகளுக்கு விலக்கு உண்டு என்று அரசு உறுதி சொன்னது. கிராமங்கள் அதை நம்பி வாக்களித்தன. 1918 மார்ச் 21இல் ஜெர்மனியின் பெருந்தாக்குதல் தொடங்கியது. ஏப்ரலில் 20 முதல் 22 வயதுக்காரர்களின் விலக்குகள் ஒரே அமைச்சரவை ஆணையில் ரத்தாயின. விதைப்புப் பருவம் அது. மே மாதம் சுமார் 5,000 விவசாயிகள் ஆட்டவாவுக்குத் திரண்டு போனார்கள். போர்டன் இறங்கி வரவில்லை. அடுத்த ஆண்டே ஒன்டாரியோ மாகாணத் தேர்தலில் ஐக்கிய விவசாயிகள் இயக்கம் ஆட்சியைப் பிடித்தது.

கியூபெக் நகரம், ஈஸ்டர் 1918

மார்ச் 28, பெரிய வியாழன் மாலை. கியூபெக் நகரில் பந்து உருட்டி ஆடும் அரங்கு ஒன்றில் ஓர் இளைஞரைக் கூட்டாட்சிப் போலீசார் பிடிக்கிறார்கள். விலக்குச் சான்று அவர் கையில் இல்லை. வீட்டில் இருக்கிறது என்கிறார். காவல் நிலையத்துக்கு இழுத்துப் போகிறார்கள். சான்று வந்து சேர்ந்து அவர் விடுவிக்கப்பட்டும், வெளியே கூடிய கூட்டம் கலையவில்லை. நிலையம் தாக்கப்படுகிறது. மறுநாள் இரவு, சட்டத்தை நடத்தும் பதிவாளர் அலுவலகம் இருந்த கட்டடத்துக்குள் கூட்டம் புகுந்து ஆவணங்களைத் தெருவில் கொட்டிக் கொளுத்துகிறது.

அரசு டொராண்டோவிலிருந்து படையை வரவழைத்தது. பிரெஞ்சு பேசும் நகரத்தில், ஆங்கிலம் மட்டுமே தெரிந்த வீரர்கள் ஆங்கிலத்தில் 'கலைந்து போ' என்று உத்தரவிட்டார்கள். ஏப்ரல் 1 இரவு துப்பாக்கிச் சூட்டில் பொதுமக்கள் நான்கு பேர் இறந்தார்கள். மரண விசாரணையில் நடுவர் குழு, இறந்தவர்கள் கலவரத்தோடு தொடர்பில்லாதவர்கள் என்றும் அவர்கள் குடும்பங்களுக்கு இழப்பீடு தர வேண்டும் என்றும் சொன்னது. ஒரு சான்றுத் தாளைச் சரிபார்ப்பதில் தொடங்கியது இது. சட்டத்தை நடைமுறைப்படுத்த அந்த ஊரையும் மொழியையும் அறிந்த ஆட்கள் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி தேவையில்லை.

போர்டனின் கட்சிக்கு விழுந்த அடி நீண்டது. 1921 பொதுத் தேர்தலில் கன்சர்வேடிவ் கட்சி மூன்றாம் இடத்துக்குத் தள்ளப்பட்டது. கியூபெக்கின் 65 இடங்களும் லிபரல்களுக்கே போயின.

1939: வாக்குறுதி எனும் கடன்

அந்த 1917 தேர்தலில் லோரியேவின் பக்கம் நின்று, ஒன்டாரியோவில் தன் தொகுதியைத் தோற்றவர்களில் ஒருவர் வில்லியம் லையன் மெக்கன்சி கிங். 1939இல் போர் வந்தபோது அவர் பிரதமர். கடல் கடந்த கட்டாய சேவை கிடையாது என்று முன்கூட்டியே உறுதி கொடுத்தார். அந்த அக்டோபரில் கியூபெக் மாகாணத் தேர்தல் வந்தது. போரில் கூட்டாட்சி அரசின் போக்கை எதிர்த்து முதல்வர் மொரீஸ் டூப்ளெஸி களம் இறங்கினார். கிங்கின் கியூபெக் அமைச்சர்கள், எர்னெஸ்ட் லபுவான்ட் தலைமையில், 'நாங்கள் அமைச்சரவையில் இருக்கும்வரை கட்டாய சேவை வராது, டூப்ளெஸி வென்றால் நாங்கள் விலகுவோம்' என்று பிரசாரம் செய்தார்கள். டூப்ளெஸி தோற்றார். அதாவது வாக்குறுதியைக் கியூபெக் தன் வாக்கைக் கொடுத்து வாங்கியது.

1940 ஜூனில் பிரான்ஸ் வீழ்ந்ததும் தேசிய வளத் திரட்டல் சட்டம் வந்தது. இதன்படி ஆட்களைக் கட்டாயமாக எடுக்கலாம், ஆனால் 3ஆம் பிரிவின்படி கனடாவுக்கு வெளியே அனுப்ப முடியாது. ஆகக் கட்டாய சேவை 1940லேயே வந்துவிட்டது. முதலில் 30 நாள் பயிற்சி, பிறகு நான்கு மாதம், 1941இலிருந்து போர் முடியும்வரை உள்நாட்டுப் பணி. மான்ட்ரியல் மேயர் கமீலியன் ஊத், பதிவு செய்யாதீர்கள் என்று மக்களிடம் சொன்னதற்காக 1944 வரை காவலில் வைக்கப்பட்டார்.

1942 வாக்கெடுப்பில் கேட்டது என்ன

1941 முடிவில் ஜப்பான் போரில் இறங்கியது, ஹாங்காங்கில் இருந்த கனடா வீரர்கள் பிடிபட்டார்கள். அதே மீயென் மறுபடி கன்சர்வேடிவ் தலைவராகி முழுக் கட்டாய சேவை கேட்டார். கிங் வாக்கெடுப்பை அறிவித்தார். இது சட்டப்படி அரசைக் கட்டுப்படுத்தாத கருத்தறி வாக்கெடுப்பு. கேட்ட கேள்வியின் சாரம் இது: ராணுவ சேவைக்கு ஆள் திரட்டும் முறைகளைக் கட்டுப்படுத்தும் முந்தைய உறுதிமொழிகளிலிருந்து அரசை விடுவிக்கச் சம்மதமா? கட்டாய சேவை என்ற சொல்லே அதில் இல்லை.

ஏப்ரல் 27இல் நாடு முழுவதும் சுமார் 64 சதவீதம் பேர் ஆம் என்றார்கள். கியூபெக்கில் சுமார் 73 சதவீதம் பேர் இல்லை என்றார்கள்.

கனடாவின் பாதுகாப்புக்கான கழகம் என்ற பெயரில் திரண்ட கியூபெக் எதிர்ப்பாளர்களின் வாதம் எளிமையானது: கடன் கொடுத்தவர் தள்ளுபடி செய்யலாம், ஊரார் கூடிக் கைதூக்கித் தள்ளுபடி செய்ய முடியாது. வாக்குறுதி கியூபெக்குக்குக் கொடுத்தது, விடுதலை மற்ற மாகாணங்களிடம் வாங்கியது. இந்த வாதத்துக்குச் சரியான பதில் கிங்கிடம் இருந்ததாக எனக்குத் தெரியவில்லை. பெரும்பான்மை ஆட்சியில் பெரும்பான்மையின் தீர்ப்பே முடிவு என்பது பொதுவாகச் சரி. ஒரு தரப்புக்குத் தனியாக வாக்குக் கொடுத்துவிட்டு அதை எல்லோர் பெயரிலும் மீட்பது வேறு விஷயம்.

ஆனால் கிடைத்த அதிகாரத்தைக் கிங் உடனே பயன்படுத்தவில்லை. 3ஆம் பிரிவை நீக்கினார், அதோடு நிறுத்திக்கொண்டார். கட்டாய சேவை வந்தே தீரும் என்பதில்லை, தேவைப்பட்டால் வரும் என்பது 1942 ஜூனில் அவர் எடுத்த நிலை. அப்போது இரு பக்கமும் அவரைத் திட்டின. அமைச்சர் கார்டாங் கியூபெக் பக்கம் நின்று விலகினார். மறுபக்கம், பாதுகாப்பு அமைச்சர் ஜே. எல். ரால்ஸ்டன், இன்னும் தாமதிப்பதா என்று விலகல் கடிதம் கொடுத்தார். கிங் அதை ஏற்கவுமில்லை, திருப்பிக் கொடுக்கவுமில்லை. வைத்துக்கொண்டார்.

1944 இலையுதிர் காலம்: கணக்கு பிசகியது எப்படி

1944இல் கனடாவின் படையில் மொத்த ஆள் எண்ணிக்கை குறைவில்லை. காலாட்படைதான் வற்றியது. காரணம் முன்மதிப்பீடு. வட ஆப்பிரிக்கப் போரின் அனுபவத்தை வைத்துப் பிரிட்டன் தயாரித்த அட்டவணையைக் கனடா பின்பற்றியது. அதில் மொத்த இழப்பில் காலாட்படையின் பங்கு பாதிக்கும் குறைவு. எதிரி விமானங்கள் பின்வரிசையையும் தாக்கும் என்று எண்ணி பீரங்கிப் படை, போக்குவரத்து, பராமரிப்புப் பிரிவுகளுக்கெல்லாம் நிரப்பு வீரர்களைப் பங்கிட்டார்கள். பிரான்ஸின் நார்மண்டியில் ஜெர்மன் விமானங்கள் ஏறக்குறைய வரவே இல்லை. இழப்பில் முக்கால்வாசி காலாட்படையின் தலையில் விழுந்தது.

முகாம்களில் ஓட்டுநர்களும் பீரங்கிக்காரர்களும் மிச்சம் இருந்தார்கள், துப்பாக்கி ஏந்தி முன்னால் நடக்க ஆள் இல்லை. அவசரமாகப் பிரிவு மாற்றி, சில வாரப் பயிற்சியோடு அனுப்பினார்கள். கையெறி குண்டைப் பிடிக்கத் தெரியாதவர்கள் வருகிறார்கள் என்று காயம்பட்டுத் திரும்பிய மேஜர் கான் ஸ்மைத் செப்டம்பரில் பத்திரிகையில் சொன்னதும் நாடு பற்றி எரிந்தது. மிகக் கடுமையாக ஆள் குறைந்திருந்தது ஷோதியேர், மான்ட்ராயல், மெஸன்னவ் ஆகிய பிரெஞ்சு மொழிப் பட்டாலியன்களில். கட்டாய சேவையை எதிர்த்த மாகாணத்தின் தன்னார்வலர்களே ஓய்வில்லாமல் சண்டையிட்டார்கள் என்பதை இரு தரப்பும் அன்று பேசவில்லை.

அதே நேரம் கனடாவுக்குள் உள்நாட்டுப் பணியில் சுமார் 60,000 பேர் இருந்தார்கள். அவர்களில் சுமார் 16,000 பேர் பயிற்சி முடித்த காலாட்படையினர். 'ஜாம்பிகள்' என்ற இழிபெயர் அவர்களுக்கு. எல்லோரும் கியூபெக்காரர்கள் என்று நினைத்தார்கள், பெரும்பாலோர் அப்படியல்ல.

நிகழ்ச்சிகள் வேகமாக நகர்ந்தன.

1. அக்டோபர் 18: இத்தாலி, மேற்கு ஐரோப்பியப் போர்முனைகளைப் பார்த்துத் திரும்பிய ரால்ஸ்டன், உடனே 15,000 காலாட்படை நிரப்பு வீரர்கள் வேண்டும் என்கிறார்.
2. நவம்பர் 1: அமைச்சரவைக் கூட்டத்தில் கிங், இரண்டு ஆண்டுகளுக்கு முன் கொடுத்த விலகல் கடிதத்தை இப்போது ஏற்பதாக அறிவிக்கிறார். ரால்ஸ்டன் எழுந்து, சக அமைச்சர்களோடு கைகுலுக்கிவிட்டு வெளியேறுகிறார். யாரும் அவர் பின்னால் போகவில்லை. போயிருந்தால் அரசு அன்றே கவிழ்ந்திருக்கும்.
3. புதிய அமைச்சர் ஜெனரல் மெக்நாட்டன், உள்நாட்டு வீரர்களைத் தன்னார்வமாக முன்வரும்படி கேட்கிறார். ஆர்ன்பிரையரிலும் ஆட்டவாவிலும் கூட்டத்தில் கூச்சலிட்டு அடக்குகிறார்கள். சில நூறு பேரே முன்வருகிறார்கள்.
4. நவம்பர் 22: தன்னார்வ முறை பலன் தராது என்று தலைமைத் தளபதிகள் எழுத்தில் தெரிவிக்கிறார்கள். கிங் அன்றே திசை மாற்றுகிறார்.
5. நவம்பர் 23: 16,000 பேரைக் கடல் கடந்து அனுப்ப அமைச்சரவை ஆணை. விமானப்படை அமைச்சர் பவர் விலகுகிறார். பிரிட்டிஷ் கொலம்பியாவின் டெரஸ் முகாமில் வீரர்கள் ஆயுதத்தோடு பணிய மறுத்துப் பல நாள் நிற்கிறார்கள்.

கிங் ஏன் கவிழவில்லை

நவம்பர் 1 அன்று ரால்ஸ்டனைத் தள்ளிவிட்டு, மூன்றே வாரத்தில் அவர் கேட்டதையே கிங் செய்தார். நாணயமான மனிதருக்கு இழைத்த அநீதி அது. ஆனால் அந்த மூன்று வாரம் வீணாகவில்லை. தன்னார்வ முறைக்கு நாட்டிலேயே மதிப்புமிக்க ஜெனரலைக் கொண்டு கடைசி முயற்சியும் பார்த்தாகிவிட்டது என்பதைக் கியூபெக் கண்ணால் கண்டது. லபுவான்ட்டின் இடத்துக்கு வந்த லூயி சாங்-லோராங், போர்டனின் காலத்தில் கியூபெக்கில் செல்வாக்குள்ள எந்தத் தலைவரும் செய்யாததைச் செய்தார்: அமைச்சரவையிலேயே இருந்து முடிவைத் தன் மக்களிடம் விளக்கினார். ஆணையில் எண்ணிக்கைக்கு உச்சவரம்பும் இருந்தது. யாருடைய வாக்குரிமையும் பறிக்கப்படவில்லை.

1945 ஜூன் தேர்தலில் கிங்கின் கட்சி கியூபெக்கின் பெரும்பாலான இடங்களோடு ஆட்சியைத் தக்கவைத்தது. பிரின்ஸ் ஆல்பர்ட்டில் அவர் தன் சொந்தத் தொகுதியை மட்டும் தோற்றார்.

அந்த வீரர்கள் தேவைப்பட்டார்களா

1918இல் கட்டாய சேவையில் படைக்கணக்கில் சேர்ந்தவர்கள் 1,24,588 பேர். போர் முடிவதற்குள் பிரான்ஸில் களத்துக்கு வந்தவர்கள் 24,132 பேர். இது சொற்பம், நாட்டைப் பிளந்தது வீண் என்று பலர் எழுதுகிறார்கள். நான் ஒப்பவில்லை. ஆகஸ்ட் 8 முதல் நவம்பர் 11 வரையிலான கடைசி நூறு நாளில் கனடாவின் இழப்பு 45,000க்கும் மேல். பிரிட்டிஷ் பிரிகேடுகள் நான்கு பட்டாலியனிலிருந்து மூன்றாகச் சுருங்கியபோது, கனடா நான்கையும் முழு பலத்தோடு வைத்திருந்தது. இங்கிலாந்தில் இருந்த 5ஆவது டிவிஷனைக் கலைத்ததும் புதிய ஆட்கள் வந்ததும் சேர்ந்துதான் அதைச் சாத்தியமாக்கின.

1945இன் கணக்கு வேறு. கடல் கடந்தவர்கள் 12,908 பேர், களப் பிரிவுகளில் சேர்ந்தவர்கள் 2,463 பேர், இறந்தவர்கள் 69 பேர். இவ்வளவு குறைந்ததற்குக் காரணம் போரின் போக்கு. நவம்பரிலிருந்து பிப்ரவரி 8 வரை கனடா முதல் படை நெதர்லாந்தின் மாஸ் நதிக்கரையில் பெரிய தாக்குதல் இல்லாமல் நின்றது. பிறகு இத்தாலியிலிருந்த கனடா கோர் (பல டிவிஷன்கள் சேர்ந்த படை) வடமேற்கு ஐரோப்பாவுக்கு மாற்றப்பட்டதால், அந்தக் கோர் சில வாரங்கள் சண்டையிலிருந்து விலகியிருந்தது. தன்னார்வலர்களைப் பயிற்றுவித்து இடங்களை நிரப்ப அவகாசம் கிடைத்தது. அக்டோபரில் இவை எதுவும் யாருக்கும் தெரியாது. ரால்ஸ்டன் 15,000 பேரைக் கேட்ட வாரத்தில் பெல்ஜிய-டச்சு எல்லையில் ஷெல்ட் முகத்துவாரத்தின் சேற்றில் சண்டை நடந்துகொண்டிருந்தது. அங்கே மட்டும் கனடாவின் இழப்பு 6,367.